விடிய விடியக் கூத்து... விடிஞ்சா வேற வேலை! இசை ஆவணப்பட ஒளிப்பதிவாளர்கள் எப்படித் தாக்குப்பிடிக்கிறார்கள்?

ஆரணி என்றதும் முதலில் ஞாபகம் வருவது பட்டு. அடுத்தது அரிசி. ஆனால், திருவண்ணாமலை மாவட்டத்தின் இந்தப் பக்கத்துக்கு இன்னொரு அடையாளமும் இருக்கு. பங்குனி, சித்திரை வந்துவிட்டால் ஆரணி, செய்யாறு, வந்தவாசி, போளூர் வட்டாரத்துத் திரௌபதி அம்மன் கோயில்களில் பாரதம் தொடங்கிவிடும். பகலில் பிரசங்கம், ராத்திரியில் கூத்து. ஹார்மோனியம், முகவீணை, மிருதங்கம், தாளம், பின்பாட்டு என விடியும் வரை ஊரே முழித்திருக்கும்.

இப்போதெல்லாம் அந்தக் கூட்டத்தில் செல்போன் இல்லாத கை குறைவு. 30 நொடி வீடியோ எடுத்து ஸ்டேட்டஸ் வைத்துவிடலாம். ஆனால் அந்த இசையை முழுசாகப் படம் பிடித்து, அதைப் பாடுகிறவர்களின் வாழ்க்கையோடு சேர்த்து ஒரு படமாக ஆக்க வேண்டும் என்றால்? அதற்கு ஒரு ஒளிப்பதிவாளர் வேண்டும். அவருக்கு நேரம் வேண்டும். அந்த நேரத்துக்கு யாராவது காசு கொடுக்க வேண்டும்.

சிக்கலே கடைசி வரியில்தான் இருக்கு. சுயாதீன இசை ஆவணப்படங்களில் வேலை செய்யும் ஒளிப்பதிவாளர்கள் எப்படிப் பிழைக்கிறார்கள்? சட்டம் அவர்களுக்கு என்ன தருகிறது? ஆரணி மாதிரி ஒரு ஊருக்கு இதில் என்ன வேலை? விரிவாகப் பார்க்கலாம்.

சுருக்கமாகச் சொன்னால்...

- கேமரா விலை குறைந்துவிட்டது. நேரத்தின் விலை குறையவில்லை.
- தமிழ்நாட்டில் இசை, கூத்து பற்றிய முக்கியமான சில சுயாதீனப் படங்களில் கேமரா பிடித்தவரேதான் இயக்குநரும்.
- இந்தியச் சட்டப்படி ஒரு படத்தின் 'ஆசிரியர்' தயாரிப்பாளர்தான். ஒளிப்பதிவாளர் இல்லை.
- பதிவு செய்யப்பட்ட இசைக் கலைஞருக்கு 50 வருட உரிமை இருக்கு. அதைப் பற்றிப் பேசாமலேயே பல பதிவுகள் நடந்துவிடுகின்றன.

இசை ஆவணப்படம்னா என்ன?

இதைப் பலரும் மியூசிக் வீடியோவோடு குழப்பிக்கொள்கிறார்கள். மியூசிக் வீடியோவில் பாட்டு ஏற்கெனவே பதிவாகிவிட்டது. ஸ்பீக்கரில் பாட்டை ஓடவிட்டு, அதற்கு வாயசைக்க வைத்து எடுக்கிறார்கள். சரியாக வரவில்லையா? இன்னொரு டேக் போகலாம்.

கச்சேரிப் படம் என்பது அடுத்த வகை. தமிழில் இதற்கு நல்ல உதாரணம் 2008-ல் வந்த 'மார்கழி ராகம்'. பாம்பே ஜெயஸ்ரீ, டி.எம்.கிருஷ்ணா பாடிய கர்நாடக இசைக் கச்சேரியை ஜெயேந்திரா இயக்க, பி.சி.ஸ்ரீராம் ஒளிப்பதிவு செய்தார். ஒலி விஷயத்தை எச்.ஸ்ரீதர் பார்த்துக்கொண்டார். திரையரங்குக்கு என்றே திட்டமிட்டு, வெளிச்சம் அமைத்து, பல கேமராக்கள் வைத்து எடுத்த படம் அது.

இசை ஆவணப்படம் மூன்றாவது வகை. இங்கே பாட்டு நடப்பது கோயில் வாசலில், வயல்காட்டில், சாவு வீட்டில், கல்யாண மண்டபத்தில். வெளிச்சத்தை நீங்கள் முடிவு செய்ய முடியாது. பாடுகிறவரை "ஐயா, அந்தச் சரணத்தை மறுபடி பாடுங்க" என்று கேட்க முடியாது. கேட்டாலும் அது வேறு பாட்டாகத்தான் இருக்கும்.

'சுயாதீனம்' என்றால் டிவி சேனலோ, பெரிய ஸ்டூடியோவோ, ஓடிடி நிறுவனமோ முன்கூட்டியே முழுப் பணத்தையும் கொடுக்காமல் எடுக்கப்படும் படம். சொந்தக் காசு, நண்பர்களின் காசு, சின்ன நிதி நல்கை, எல்லாம் கலந்துதான் படம் நகரும்.

கேமராமேனுக்கு இதில் என்ன தனித் திறமை வேண்டும்?

முதலில், இசை தெரிய வேண்டும். பாடத் தெரிய வேண்டியதில்லை. அடுத்து என்ன வரப்போகிறது என்று காது சொல்ல வேண்டும்.

ஒரு உதாரணம். கச்சேரியில் தனி ஆவர்த்தனம் நடக்கிறது. மிருதங்கம் முடிவை நெருங்கும்போது கோர்வை வரும். அதை மூன்று முறை வாசிப்பார்கள். இது தெரிந்த ஒளிப்பதிவாளர் முதல் முறையில் விரல்களைப் பிடிப்பார். இரண்டாவது முறையில் மெதுவாக விலகுவார். மூன்றாவது முறை முடிந்து பாடகர் பல்லவியை எடுக்கும் அந்த நொடியில் கேமரா பாடகர் முகத்தில் இருக்கும். தெரியாதவர், பாட்டு ஆரம்பித்த பிறகுதான் முகத்தைத் தேடிப் போவார். பார்க்கிற நமக்குக் காரணம் புரியாது. ஆனால் 'ஏதோ ஒட்டலையே' என்று தோன்றும்.

கூத்திலும் அப்படித்தான். முக்கிய வேஷம் அரங்குக்குள் வரும்போது இரண்டு பேர் ஒரு துணியைத் திரையாகப் பிடிப்பார்கள். அதன் பின்னால் நின்று அந்த வேஷம் பாடும். பாட்டு முடிந்து திரை விலகும்போது கேமரா எங்கே நிற்கிறது என்பதுதான் கேள்வி. பார்வையாளர் பக்கம் நின்றால் வேஷம் வெளிப்படும் அதிர்ச்சி கிடைக்கும். திரைக்குப் பின்னால் நின்றால், கட்டை கட்டிக்கொண்டு வேர்த்து நிற்கும் மனிதர் கிடைப்பார். இரண்டும் ஒரே நேரத்தில் கிடைக்காது. கேமரா ஒன்றுதான் இருக்கிறது என்றால், எதை விடுவது என்று அந்த இடத்திலேயே முடிவெடுக்க வேண்டும்.

இரண்டாவது, வெளிச்சம். இந்தியாவில் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். பழைய சோக் போட்ட டியூப் லைட் நொடிக்கு 100 முறை மினுக்கும். நம் கண்ணுக்குத் தெரியாது, கேமராவுக்குத் தெரியும். ஷட்டர் வேகத்தை 1/50 அல்லது 1/100-ல் வைக்காவிட்டால் படத்தில் கறுப்புப் பட்டைகள் ஓடும். செல்போனில் எடுத்த திருவிழா வீடியோக்களில் நீங்கள் பார்த்திருப்பீர்களே, அதேதான்.

மூன்றாவது, சத்தம். கேமராவில் இருக்கிற மைக்கில் குழாய் ஸ்பீக்கரின் இரைச்சல்தான் விழும். முகவீணையின் மெல்லிய இழுப்பு காணாமல் போகும். அதனால் ஒலியைத் தனிக் கருவியில் பதிந்து, பிறகு படத்தோடு சேர்க்க வேண்டும். அதற்கு ஒரு ஒலிப்பதிவாளர் வேண்டும். பணம் இல்லாத படங்களில் அந்த வேலையும் ஒளிப்பதிவாளர் தலையில்தான் விழும்.

அரசாங்கம் காசு கொடுத்த காலம்

இந்த வேலைக்கு ஒரு காலத்தில் அரசாங்கமே பெரிய முதலாளி.

பரதக் கலைஞர் பாலசரஸ்வதி பற்றி சத்யஜித் ரே 1976-ல் எடுத்த 'பாலா' படத்துக்குப் பணம் கொடுத்ததில் தமிழ்நாடு அரசுக்கும் பங்கு உண்டு. மும்பையின் தேசிய நிகழ்த்துகலை மையம் இன்னொரு பங்குதாரர். படத்துக்கு ஒளிப்பதிவு சௌமேந்து ராய். ரே பெயர் எல்லோருக்கும் தெரியும். ராய் பெயர் தெரிந்தவர்கள் சினிமாக்காரர்கள் மட்டும்தான்.

1948-ல் தொடங்கிய ஃபிலிம்ஸ் டிவிஷன், இசைக் கலைஞர்கள் பற்றிப் பல படங்களைத் தயாரித்தது. மணி கௌல் 1982-ல் டாகர் சகோதரர்களை வைத்து எடுத்த 'துருபத்' படத்துக்கு வீரேந்திர சைனி ஒளிப்பதிவு செய்தார். ஆலாபனை மாதிரியே அவசரமில்லாமல் நகரும் கேமரா அது. இசைப் படம் எடுப்பவர்கள் இன்றைக்கும் பார்க்கும் படம்.

அன்றைய கேமராமேனுக்கு இருந்த கஷ்டம் வேறு. 400 அடி 16 எம்எம் ஃபிலிம் ரோல் ஒன்று சுமார் 11 நிமிடம்தான் ஓடும். ஒரு நல்ல தோடி ஆலாபனை அதைவிட நீளம். எங்கே ஆரம்பிப்பது, எங்கே நிறுத்துவது என்று கணக்குப் போட்டே எடுக்க வேண்டும். ஆனால் ஒரு விஷயம்: ரோலுக்கு யாரோ காசு கொடுத்தார்கள். ஒளிப்பதிவாளருக்குச் சம்பளமும் வந்தது.

2022-ல் ஃபிலிம்ஸ் டிவிஷன், தேசிய திரைப்பட வளர்ச்சிக் கழகத்தோடு இணைக்கப்பட்டது. அதற்கு முன்பே சுயாதீனப் படக்காரர்கள் வேறு கதவுகளைத் தட்ட ஆரம்பித்திருந்தார்கள். பெங்களூரில் இருக்கும் இந்தியக் கலைகளுக்கான அறக்கட்டளை, டெல்லியின் பொதுச் சேவை ஒளிபரப்பு அறக்கட்டளை போன்ற சில கதவுகள்தான் இருந்தன. தட்டியவர்கள் அதிகம்.

தமிழ்நாட்டில் யார் இந்த வழியில் போனார்கள்?

ஆர்.வி.ரமணி: சென்னையைச் சேர்ந்தவர். புனே திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு படித்து 1985-ல் வெளியே வந்தார். அந்தப் படிப்போடு வருகிறவர்கள் வழக்கமாக எதிர்பார்ப்பது வணிக சினிமாவை. இவர் கேமராவைத் தன் கையிலேயே வைத்துக்கொண்டு தானே இயக்கும் ஆவணப்படங்கள் பக்கம் போனார். 1991-ல் 'சா', 2003-ல் தோல்பாவைக்கூத்துக் கலைஞர்கள் பற்றிய 'நீ எங்கே' எனப் பல படங்கள். 2004 சுனாமியில் தன் கேமராவை இழந்த அனுபவத்தையே பின்னாளில் 'மை கேமரா அண்ட் சுனாமி' என்ற படமாக எடுத்தார். ஒரு சுயாதீன ஒளிப்பதிவாளருக்குக் கேமரா என்பது கருவி மட்டும் இல்லை, அவருடைய மொத்த முதலீடும் அதுதான் என்பதை அந்தத் தலைப்பே சொல்லிவிடும்.

சசிகாந்த் அனந்தாச்சாரி: இவரும் புனேயில் ஒளிப்பதிவு படித்தவர். வட தமிழ்நாட்டின் திரௌபதி அம்மன் திருவிழாக்களையும் கூத்தையும் பின்தொடர்ந்து 'கேளாய் திரௌபதி' என்ற ஆவணப்படத்தை எடுத்தார். ஆரணி வட்டாரத்துக்காரர்கள் பார்த்தால், 'இது நம்ம ஊர்த் திருவிழா' என்று சொல்லக்கூடிய உலகம் அது.

அனுஷ்கா மீனாட்சி, ஈஸ்வர் ஸ்ரீகுமார்: வேலைக்கும் பாட்டுக்கும் உள்ள உறவைத் தேடி ஊர் ஊராகப் பயணம் செய்த இருவர். அந்தப் பயணத்தில் நாகாலாந்தின் ஃபேக் பகுதியில், நெல் வயலில் வேலை செய்துகொண்டே மாறி மாறிப் பாடும் மக்களைச் சந்தித்தார்கள். அதிலிருந்து 2017-ல் வந்த படம் 'கோ கி பா லூ'. 83 நிமிடம். பெரிய குழு இல்லை. படத்தில் வரும் பாட்டுகள் மேடைக்காகப் பாடியவை இல்லை. களையெடுக்கும்போது, மூட்டை தூக்கும்போது மூச்சோடு சேர்ந்து வந்தவை. பத்துப் பேர் லைட்டோடு போயிருந்தால் அந்தப் பாட்டு வந்திருக்குமா என்பது சந்தேகம்தான்.

இந்த மூன்று உதாரணங்களையும் சேர்த்துப் பார்த்தால் ஒரு விஷயம் தெளிவாகும். இவர்கள் யாரும் இன்னொருவர் கூப்பிட்டு, நாள் கூலி வாங்கி, கேமரா பிடித்துவிட்டு வீட்டுக்குப் போனவர்கள் இல்லை. கேமரா பிடித்தவரே படத்தையும் சுமந்தார். அதாவது, 'சுயாதீன இசை ஆவணப்பட ஒளிப்பதிவாளர்' என்று தனியாக ஒரு தொழில் இங்கே கிட்டத்தட்ட இல்லை. அந்தப் பெயரில் இருக்கிறவர் இயக்குநராகவும், பல சமயம் தயாரிப்பாளராகவும், நிதி விண்ணப்பம் எழுதுகிறவராகவும் ஆக வேண்டியிருக்கிறது.

மற்ற ஊர்களில் என்ன நிலைமை?

இந்திய ஆவணப்பட ஒளிப்பதிவில் முக்கியமான பெயர் ரஞ்சன் பாலித். ஆனந்த் பட்வர்தனின் 'பாம்பே அவர் சிட்டி' உட்படப் பல ஆவணப்படங்களில் கேமரா பிடித்தவர். தன் அனுபவங்களை வைத்து 2010-ல் 'இன் கேமரா' என்ற படத்தை எடுத்தார். ஒரு ஆவணப்படக் கேமராமேனின் டைரி அது. அடுத்த வருடமே விஷால் பரத்வாஜின் 'சாத் கூன் மாஃப்' இந்திப் படத்துக்கு ஒளிப்பதிவாளர். ஆவணப்படமும் கதைப்படமும் மாறி மாறி வந்த வாழ்க்கை.

பட்வர்தனின் 'ஜெய் பீம் காம்ரேட்' இன்னொரு கணக்கைச் சொல்கிறது. 1997-ல் மும்பை ரமாபாய் நகர் துப்பாக்கிச் சூட்டுக்குப் பிறகு, பாடகர் விலாஸ் கோக்ரே தற்கொலை செய்துகொண்டார். அங்கே தொடங்கி, மகாராஷ்டிராவின் தலித் பாடகர்களைப் பின்தொடர்ந்த அந்தப் படம் முடிய 14 வருடங்கள் ஆயின. எந்தத் தயாரிப்பு நிறுவனம் 14 வருடத்துக்குச் சம்பளம் கொடுக்கும்?

வெளிநாட்டில் மட்டும் நிலைமை சொர்க்கம் என்று நினைக்க வேண்டாம். 2013-ல் ஆஸ்கர் வாங்கிய 'சர்ச்சிங் ஃபார் சுகர்மேன்' இசை ஆவணப்படத்தில், ஃபிலிம் வாங்கக் காசு தீர்ந்துபோனதால் மீதிச் சில காட்சிகளை இயக்குநர் ஐபோனில் ஒரு மலிவான ஆப் வைத்து எடுத்து முடித்தார்.

காசுக் கணக்கு: ஒரு பாரதத் திருவிழாவை எடுத்தால்?

கேமரா விலை குறைந்துவிட்டதால் எல்லாம் எளிதாகிவிட்டது என்று ஒரு பேச்சு இருக்கு. பாதிதான் உண்மை. ஒரு சின்னக் கணக்கு போட்டுப் பார்ப்போம்.

- ஒரு இரவுக் கூத்து: தோராயமாக 8 மணி நேரம்
- கேமரா: 2
- 10 இரவுகள்: மொத்தம் 160 மணி நேரப் பதிவு
- 4கே தரம், நொடிக்கு 100 மெகாபிட் என்றால்: மணிக்கு 45 ஜிபி
- மொத்தம்: 7,200 ஜிபி. ஒரே ஒரு காப்பி எடுத்து வைத்தாலும் 14,400 ஜிபி

இதைச் சேமிக்க ஹார்டு டிஸ்க் வாங்க வேண்டும். அதுகூடப் பரவாயில்லை. எடுத்ததை ஒரு முறை முழுசாகப் பார்க்கவே, நாளுக்கு 8 மணி நேரம் உட்கார்ந்தால் 20 நாள் ஆகும். அதன் பிறகுதான் எடிட்டிங். பாட்டு வரிகளை எழுதி, சப்டைட்டில் போட்டு, கலைஞர்களின் வீட்டுக்குப் போய்ப் பேட்டி எடுத்து... மாதங்கள் ஓடும்.

இந்த மாதங்களுக்கான சோறுதான் கேள்வி. அதனால்தான் பெரும்பாலானவர்கள் கல்யாணம், விளம்பரம், நிறுவன வீடியோ, கல்லூரி வகுப்பு என்று ஏதாவது ஒன்றில் சம்பாதித்து இதில் போடுகிறார்கள். சீசன் நேரத்தில் ஒரு முகூர்த்த நாளும் ஒரு படுகள நாளும் ஒரே தேதியில் வந்தால், எதற்குப் போவது? வீட்டு வாடகை இருக்கிறவர் முகூர்த்தத்துக்குத்தான் போவார். அவரைக் குறை சொல்ல முடியாது. ஆனால் அந்த ராத்திரிப் பாட்டு பதிவாகாது.

சட்டம் யார் பக்கம்?

இங்கேதான் பலருக்கும் தெரியாத விஷயம் இருக்கு.

1957 பதிப்புரிமைச் சட்டப்படி ஒரு புகைப்படத்தின் ஆசிரியர் அதை எடுத்தவர். ஆனால் ஒரு திரைப்படத்தின் ஆசிரியர் அதன் தயாரிப்பாளர். ஆவணப்படமும் சட்டத்தின் கண்ணில் திரைப்படம்தான். ஆக, 160 மணி நேரம் தோளில் கேமராவைச் சுமந்தவருக்கு அந்தப் படத்தின் மேல் பதிப்புரிமை கிடையாது, தனியாக ஒப்பந்தம் போட்டிருந்தால் தவிர.

2012-ல் சட்டம் திருத்தப்பட்டபோது பாடலாசிரியர்களுக்கும் இசையமைப்பாளர்களுக்கும் ராயல்டி உரிமை உறுதியானது. ஒளிப்பதிவாளர்களுக்கு அப்படி எதுவும் வரவில்லை. இயக்குநரையாவது ஆசிரியராகச் சேர்க்கலாம் என்று மசோதாவில் இருந்த யோசனைகூடக் கடைசியில் கைவிடப்பட்டது.

சுயாதீன ஒளிப்பதிவாளர்கள் ஏன் தாங்களே தயாரிப்பாளராகவும் ஆகிறார்கள் என்பதற்கு இதுவும் ஒரு காரணம். தன் காசைப் போட்டால் கடன் தன்னோடது, படமும் தன்னோடது.

சரி, கேமராவுக்கு முன்னால் பாடியவருக்கு? அவருக்குச் சட்டம் கொஞ்சம் கை கொடுக்கிறது. நிகழ்த்துகிற கலைஞருக்குத் தன் நிகழ்ச்சியைப் பதிவு செய்ய அனுமதி கொடுக்கவும் மறுக்கவும் உரிமை உண்டு. அந்த உரிமைக்கு ஆயுள் 50 வருடம். எழுத்துப்பூர்வமாக ஒரு படத்துக்குச் சம்மதித்துவிட்டால், அந்தப் படத்தைத் தயாரிப்பாளர் பயன்படுத்துவதை அவர் தடுக்க முடியாது. ஆனால் வணிக ரீதியாகப் பயன்படுத்தினால் ராயல்டி கேட்கும் உரிமை இருக்கு. கூத்துக் கலைஞர், நாதஸ்வரக் கலைஞர், பறை இசைக் கலைஞர், எல்லோருக்கும் இது பொருந்தும்.

நடைமுறையில் என்ன நடக்கிறது? "எடுத்துக்கோங்க தம்பி" என்ற வாய்வார்த்தையோடு முடிந்துவிடுகிறது. பத்து வருடம் கழித்து அந்தக் காட்சி எங்கேயோ பணம் சம்பாதித்தால், எடுத்தவருக்கும் தெரியாது, பாடியவருக்கும் தெரியாது.

விருது வந்தால் பெயர் வருமா?

ஈழத்துத் தவில் மேதை தட்சிணாமூர்த்தி பற்றி அம்ஷன் குமார் இயக்கிய 'யாழ்ப்பாணம் தெட்சணாமூர்த்தி' ஆவணப்படம், 63-வது தேசியத் திரைப்பட விருதுகளில் சிறந்த கலை, பண்பாட்டுப் படமாகத் தேர்வானது. தமிழ் இசை ஆவணப்படம் ஒன்றுக்குக் கிடைத்த பெரிய அங்கீகாரம் அது. இப்படியான பிரிவில் விருது தயாரிப்பாளருக்கும் இயக்குநருக்கும் போகும். ஒளிப்பதிவுக்கு என்று தனியாக ஒரு விருது உண்டு. அது வருடத்துக்கு ஒன்று.

ஆரணிக்கும் இதற்கும் என்ன சம்பந்தம்?

ஆரணியில் ஒரு தறிக்காரரிடம் கேட்டால் மேலே சொன்ன நிலைமை அவருக்கு உடனே புரியும். பாவு ஏற்றி, நாடா ஓட்டி, ஜரிகை சேர்த்து நெய்தவர் ஒருவர். கூலி வாங்கியதோடு அவர் கணக்கு முடிந்தது. புடவை போகும் அட்டைப் பெட்டியில் இருப்பது கடையின் பெயர். ஆரணிப் பட்டுக்குப் புவிசார் குறியீடு கிடைத்திருக்கு. அது ஊரின் பெயரைக் காப்பாற்றும். நெய்தவரின் பெயர் அதில் வராது.

கேமரா பிடிப்பவரும் கூலிக்கு நெய்கிறவர் மாதிரிதான். வித்தியாசம் என்னவென்றால், தறி ஓடினால் கூலி நிச்சயம். கேமரா ஓடினால் அதுவும் நிச்சயம் இல்லை.

இன்னொரு பக்கமும் இருக்கு. பட்டு ஊர் என்றால் கல்யாண ஊர். இந்தப் பக்கம் உள்ள கல்யாண வீடியோக்காரர்கள் கையில் இருக்கும் கேமராக்கள் சுயாதீன ஆவணப்படங்கள் எடுக்கப் போதுமானவை. ராத்திரி வெளிச்சத்தில் வேலை செய்து அவர்களுக்குப் பழக்கம். 'மறுபடி தாலி கட்டுங்க' என்று கேட்க முடியாது என்பதால், ரீ-டேக் இல்லாத வேலையும் பழக்கம். எந்த ஊரில் எந்தக் கூத்து செட் நல்லாப் பாடும், எந்தக் கோயிலில் எப்போது பாரதம் என்பதும் தெரியும். புனே போய்ப் படித்துவிட்டு வருகிறவர் இதைத் தெரிந்துகொள்ள வருடக்கணக்கில் அலைய வேண்டும்.

புரிசை கண்ணப்பத் தம்பிரானின் பெயரால் உலகம் அறிந்த கூத்துப் பரம்பரை இதே மாவட்டத்தில்தான் இருக்கு. காஞ்சிபுரம் பக்கம் பெ.ராஜகோபால், ஹன்னே டி புருயின் முயற்சியில் உருவான கட்டைக்கூத்துச் சங்கம் 1990-லிருந்து இயங்குகிறது. படமாக்கப் பொருளுக்குப் பஞ்சமே இல்லை.

அப்படியென்றால் எது குறைகிறது? மூன்று விஷயங்கள்: எடுத்ததைப் படமாக்கத் தேவையான நேரத்துக்குப் பணம், எழுத்தில் ஒரு ஒப்பந்தம், எடுத்ததைப் பத்திரமாக வைக்க ஒரு இடம்.

'வைக்க ஒரு இடம்' ஏன் அவ்வளவு முக்கியம்?

1969-ல் நியூயார்க்கின் ஹார்லெம் பகுதியில் கறுப்பினக் கலைஞர்கள் பாடிய பெரிய இசை விழா ஒன்று நடந்தது. ஹால் டல்ச்சின் என்பவர் குழு வைத்து அதைப் பதிவு செய்தார். வாங்க ஆள் இல்லை. சுமார் 40 மணி நேரப் பதிவு ஏறத்தாழ 50 வருடம் வீட்டின் நிலத்தடி அறையில் கிடந்தது. 2017-ல் அவர் இறந்துபோனார். 2021-ல் அதிலிருந்து 'சம்மர் ஆஃப் சோல்' என்ற படம் வந்தது. 2022-ல் ஆஸ்கர் வாங்கியது. எடுத்தவர் அதைப் பார்க்க உயிரோடு இல்லை.

அந்த டேப்புகள் 50 வருடம் தாங்கின. இன்றைய ஹார்டு டிஸ்க்குகளை அப்படி நம்ப முடியாது. சில வருடங்களுக்கு ஒரு முறை வேறு டிஸ்க்குக்கு மாற்றிக்கொண்டே இருக்க வேண்டும். தனி ஆளாக இதைச் செய்கிற ஒளிப்பதிவாளர் ஒரு வருடம் உடம்பு முடியாமல் படுத்தால், அல்லது தொழிலையே விட்டுவிட்டால், அந்தப் பதிவுகளும் போகும். யூடியூபில் போட்டால் பத்திரம் என்று நினைப்பதும் சரியில்லை. அது சுருக்கப்பட்ட பிரதிதான். கூத்தில் நடுவே ஒரு சினிமாப் பாட்டு மெட்டு வந்தால், உரிமைப் புகாரில் வீடியோவே முடங்கலாம்.

என்ன செய்யலாம்?

பெரிய திட்டம் வரும் வரை காத்திருக்காமல், இப்போதே செய்யக்கூடியவை சில:

- ஒரு பக்க ஒப்பந்தம். தமிழில், எளிய மொழியில். எதற்காக எடுக்கிறோம், விற்றால் யாருக்கு எவ்வளவு, ஒளிப்பதிவாளருக்கு உரிமையில் பங்கு உண்டா என்பதை எழுதி, எல்லோரும் கையெழுத்துப் போட்டு ஆளுக்கு ஒரு பிரதி.
- கலைஞருக்கு ஒரு காப்பி. எடுத்ததைப் பென் டிரைவில் போட்டுக் கூத்து வாத்தியாரிடம் கொடுப்பது. செலவு சில நூறு ரூபாய். அடுத்த தலைமுறைக்குப் பாடம் சொல்ல அது உதவும். இன்னொரு இடத்தில் பத்திரமாகவும் இருக்கும்.
- பெயர், தேதி, ஊர். எந்தக் கூத்து, எந்த ஊர், யார் ஹார்மோனியம், யார் முகவீணை என்று ஃபைலோடு சேர்த்து எழுதி வைப்பது. பெயர் இல்லாத பதிவு 20 வருடம் கழித்து யாருக்கும் பயன்படாது.
- நிதி கேட்கும்போது நாட்களையும் கேட்பது. பட்ஜெட்டில் கேமரா வாடகை, பயணம் எல்லாம் எழுதுகிறவர்கள், தங்கள் சம்பளத்தை மட்டும் விட்டுவிடுகிறார்கள். அதை எழுதாவிட்டால் கொடுப்பவருக்கு அப்படி ஒரு செலவு இருப்பதே தெரியாது.

அரசு பக்கம் கேட்க வேண்டியதும் ஒன்று இருக்கு. 1976-ல் பாலசரஸ்வதிக்கு ஒரு படம் எடுக்கப் பணம் கொடுத்த மாநிலம் இது. கூத்துக்கும், தவிலுக்கும், பறைக்கும் இன்று அப்படிக் கொடுத்தால் அது புதிய சலுகை ஆகாது. நம் மாநிலம் ஏற்கெனவே ஒரு முறை செய்த வேலைதான்.

படுகளம் முடிந்து, தீ மிதித்து, ஊர் தூங்கப் போகும்போது கேமராக்காரர் ஒயர்களைச் சுருட்டிக்கொண்டிருப்பார். அன்றைக்குக் காலையில் அவருக்கு ஒரு கல்யாண ரிசப்ஷன் எடிட் பாக்கி இருக்கலாம். கூத்து இருக்கிற ஹார்டு டிஸ்க்கை அவர் திரும்ப எப்போது எடுப்பார் என்பதைப் பொறுத்துத்தான், அந்த ராத்திரிப் பாட்டு அடுத்த தலைமுறைக்குக் கிடைக்குமா என்பதும் இருக்கு.